கயிற்றின் மேல்முனை

முத்தையாபுரம் பஸ்ஸில் உட்கார்ந்து அந்தத் துண்டுப் படத்தைப் போனில் பார்த்தபோது, நான் முதலில் செய்த காரியம் சத்தத்தைக் கூட்டியதுதான். அதில் ஒருவர் வாயைத் திறந்து கத்துகிறார், ஒன்றும் கேட்கவில்லை. இன்னும் கூட்டினேன். அப்புறம்தான் உறைத்தது, இது ஊமைப் படமல்லவா! இவரைப் பற்றி எழுதியே தீரவேண்டும் என்று அந்த நிமிஷம் தோன்றியது.

பழைய படங்களைப் பாதுகாக்கும் காப்பகம் ஒன்று இணையத்தில் போட்டிருந்த அரை நிமிடம் அது. கீழே நடிகரின் பெயர், ஊர் தூத்துக்குடி. குடும்பப் பெயரோ என் கூட்டுக்காரனுடையது. என் சிநேகிதன், கடலில் முங்கிச் சங்கு குளிக்கப் போகிறவன்.

நேரே அவன் வீட்டுக்குப் போனேன். பெயரைச் சொன்னதுமே அவன் அம்மாவுக்கு முகம் மாறிவிட்டது.

"அந்தாளு பேர இந்த வீட்டுல எடுக்காதலே."

அந்த அம்மாவின் புருஷனுக்குத் தாத்தாவாம். மாதா கோயில் நாடகத்தில் பெண் வேடம் கட்டி, நாடகக் கம்பெனியோடு மெட்ராஸ் போய், ஊமைப் படத்தில் சேர்ந்தவர். அதோடு கடிதம் நின்றுவிட்டது. எவளோடோ போய்விட்டார் என்று ஊர் பேசியது. கல்லறைத் திருநாளில் அந்த வீட்டில் செத்தவர் எல்லாருக்கும் மெழுகுதிரி உண்டு. அவருக்கு மட்டும் கிடையாது.

"முகத்தையாவது பாருங்கம்மா" என்று போனை நீட்டினேன்.

இடுப்பில் கயிறு கட்டி அவரைக் கிணற்றில் இறக்குகிறார்கள். முங்கி எழுகிறார். வாய் திறக்கிறது. ஒரு கை கயிற்றை வெடுக் வெடுக்கென்று இழுக்கிறது. அங்கே படம் அறுந்துவிடும்.

"என்னா நடிப்பு!" என்றேன்.

"போலே கிறுக்கா. மூச்சு முட்டுனா நாங்க இப்படித்தான் இழுப்போம். தூக்கச் சொல்லுதாரு" என்றான் கூட்டுக்காரன். அவன் கையும் தன்னை அறியாமல் அதே மாதிரி இழுத்துக்கொண்டிருந்தது.

இந்தக் கடலில் முத்துக் குளித்த நாளில், மேலே கயிறு பிடித்தவர் மச்சினன்தான். கூடப் பிறந்தவளைத் தாலியறுக்க விடமாட்டான் என்ற நம்பிக்கை. அந்தக் கிணற்று மேட்டில் நின்றவர்களுக்கு அந்த இழுப்பு நடிப்பாகத்தான் தெரிந்திருக்கும், எனக்குத் தெரிந்த மாதிரியே.

அவன் அம்மா திரும்பத் திரும்பப் போடச் சொன்னார். "அங்கன அவருக்கு எந்த மச்சான் இருந்தான்" என்று தனக்குள் சொல்லிக்கொண்டார். பிறகு என்னிடம் திரும்பினார்.

"ஏலே, தூக்குனாங்களா இல்லையா? அதச் சொல்லு. தூக்கியிருந்தா அவரு ஓடிப்போனவரு. இல்லன்னா இத்தன வருசமா நாங்க திரி ஏத்தாம விட்டிருக்கோம்."

என்னிடம் இருந்த துண்டு அதற்கு முன்பே அறுந்துவிட்டதே. அன்றிலிருந்து குளிக்கும்போது தலையில் தண்ணீர் விழுந்தால்கூட அந்தக் கை தெரிகிறது.

காப்பகத்துக்கு எழுதிப் போட்டேன். சுருளில் மிச்சம் கொஞ்சம் இருக்கிறது, சிதைந்திருக்கிறது, நேரில் வந்தால் காட்டுகிறோம் என்று பதில் வந்தது. கல்லறைத் திருநாளுக்கு முன்னால் நானும் கூட்டுக்காரனும் ரயில் ஏறுகிறோம். இந்தத் தடவை அவர் முகத்தைப் பார்க்கப் போவதில்லை. கயிற்றின் மேல்முனையைப் பிடித்திருக்கும் கைகளைத்தான் பார்க்க வேண்டும்.