கயிற்றுக்குக் கிடைத்த பாராட்டு

ஒரு கயிற்றின் மேல் இத்தனை வருஷம் கோபத்தைச் சுமந்துகொண்டு திரிபவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். நைலான் கயிறு. நீல நிறம். அது ஒரு பாவமும் செய்யவில்லை. ஆனாலும் அதை நாலு பேர் தட்டிக்கொடுத்துப் பாராட்டியதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வயிறு எரிகிறது.

மைசூரில் விஜயநகர் அப்போதுதான் வீடு வீடாக எழும்பிக்கொண்டிருந்தது. அப்பா மேஸ்திரி. எந்த வீட்டைக் கட்டுகிறாரோ அந்த மனையிலேயே ஒரு தகரக் கொட்டகை போட்டுக்கொண்டு நாங்கள் குடியிருப்போம். சுவர் முடிந்ததும் கொட்டகை அடுத்த மனைக்கு நகரும். நான் பக்கத்துக் கன்னடப் பள்ளியில் நாலாம் வகுப்பு. அதற்கு முந்தைய குளிர்காலத்தில் காவிரித் தண்ணீர் விவகாரத்தில் ஊர் தமிழர்கள் மேல் கொதித்தபோது, ஒரு லாரியில் ஏறி ஹனூர் வழியாகப் பாலாறு சோதனைச் சாவடியைத் தாண்டி, பொங்கல் கழியும்வரை அம்மா ஊரில் இருந்துவிட்டு வந்தோம். எனக்கு அது நல்ல விடுமுறை. தினமும் கரும்பு.

அம்மாவின் தம்பி, என் மாமா, சேலத்துப் பக்கத்திலிருந்து புதிதாக வேலைக்கு வந்திருந்தார். கன்னடம் தெரியாத ஆளை வேலைக்குச் சேர்க்க அப்போது எல்லோரும் தயங்கினார்கள். வீட்டுக்காரரிடம் அப்பா, "என் மச்சானுக்குக் கன்னடம் நல்லா வரும் சார்" என்று சொல்லிவிட்டார். மாமாவுக்குக் கொடுத்த பாடம் ஒன்றே ஒன்று. "என்ன கேட்டாலும் 'ஹௌது சார்'னு சொல்லு மாப்ளே. சிரிச்ச மாதிரி சொல்லு." ஹௌது என்றால் ஆமாம். அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு மாமா ஒரு மாதம் ஓட்டினார். சாரத்தின் மேல் எல்லோரும் தமிழ் ஆட்கள்தான், தேவையும் வரவில்லை.

அந்த வீட்டுக்காரர்தான் எங்கள் பகுதிச் சங்கத்தின் தலைவர். கணிப்பொறி மாதிரி ஆள் என்று எல்லோரும் சொல்வார்கள். அம்மா மட்டும், "அவருக்கு வாய் வளர வளரக் காது சிறுத்துக்கிட்டே போகுது" என்பாள்.

பிள்ளையார் சதுர்த்தி வந்தது. இடுப்புயரப் பிள்ளையார், நல்ல கனம். கரைப்பதற்கு, வீடுகள் வருவதற்கு முன்னால் தோட்டமாக இருந்த இடத்தில் ஒரு பழைய கிணறு. எங்கள் வேலையிடத்துக் கழிகளையும் கப்பியையும் கொண்டுபோய்க் கிணற்றின் மேல் கட்டினார்கள். பலகையில் பிள்ளையாரை உட்கார வைத்து, கயிறு கட்டி, மெதுவாக இறக்க வேண்டும். பலசாலி என்று மாமாவைக் கூப்பிட்டுக் கயிற்றைக் கையில் கொடுத்தார்கள். சாமி காரியம் என்று காலையிலிருந்து அவர் சாப்பிடக்கூட இல்லை. அப்பா ஊர்வலத்தின் கடைசியில் விளக்கு வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தார்.

தலைவர் கையைத் தூக்கி, "இளிசு!" என்றார்.

கன்னடத்தில் இளிசு என்றால் இறக்கு. எங்கள் ஊர்ப் பேச்சில் 'இளு' என்றால் இழு. மேளச் சத்தத்தில் அந்தக் கடைசி 'சு' எங்கே போனதோ, மாமா இழுத்தார். பிள்ளையார் மேலே போனார். தலைவர் பதறி இன்னும் சத்தமாக, "இளிசு! இளிசு!" என்று கத்தினார். நாம் இழுப்பது போதவில்லை போலிருக்கிறது என்று மாமா பல்லைக் கடித்துக்கொண்டு இன்னும் வேகமாக இழுத்தார். அவர் கத்தக் கத்த இவர் இழுக்க, நான் வாயைத் திறப்பதற்குள் பிள்ளையாரின் தலை கப்பியில் போய் மோதியது. கிரீடமும் தும்பிக்கையும் உடைந்து கிணற்றுக்குள் விழுந்தன. மேளம் நின்றுவிட்டது.

எப்படியும் இன்னும் சற்று நேரத்தில் கரையப்போகிற களிமண்தான். ஆனால் தண்ணீர் உடைத்தால் பக்தி, மனிதன் உடைத்தால் அபசகுனம்.

மறுநாள் காலையில் எங்கள் கொட்டகை வாசலிலேயே விசாரணை. தலைவரும் பொருளாளரும் இன்னும் சில பெரியவர்களும் வந்து நின்றார்கள். என்ன நடந்தது என்று ஒருவராவது கேட்டிருக்க வேண்டுமே! கேட்கவில்லை. யார் செய்தது என்பது தெரிந்திருந்தது; அதற்குப் பிறகு அவர்களுக்குத் தெரிந்துகொள்ள எதுவும் மிச்சமில்லை. தலைவர் மாமாவின் முகத்துக்கு நேரே குனிந்து, "ஏனோ, குடிதித்யா?" என்றார். குடித்திருந்தாயா என்று.

மாமா சிரித்த மாதிரி, "ஹௌது சார்" என்றார்.

குடிக்கிறவர்கள் உட்கார்ந்த பெஞ்சில்கூட உட்காராத மனிதர்! 'இல்லை, அவருக்கு அந்தச் சொல் புரியவில்லை' என்று கன்னடத்திலேயே சொல்ல நான் ஓரடி முன்னால் வைத்தேன். அம்மா என் முழங்கைச் சதையைப் பிடித்துத் திருகினாள். அப்பாவைப் பார்த்தேன். அவருக்கும் எல்லாம் புரிந்துவிட்டது. முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அவர் தரையில் கிடந்த கரணையை எடுத்து, காய்ந்துபோன சிமெண்டைச் சுரண்டிக்கொண்டிருந்தார்.

காலிப் பந்தலுக்கு முன்னால் மாமா தோப்புக்கரணம் போட வேண்டும் என்று தீர்ப்பானது. போட்டார். என் வகுப்புப் பிள்ளைகள் வந்து நின்று ஒவ்வொன்றுக்கும் கைதட்டினார்கள். வேலையை விட்டு நீக்காததே பெரிய மனசு என்று பொருளாளர் சொல்லிக்கொண்டே போனார்.

மத்தியானம் சோற்றுத்தட்டின் முன்னால் உட்கார்ந்து அப்பாவிடம் சண்டை போட்டேன்.

"மாமா குடிக்கலைன்னு உங்களுக்குத் தெரியுமில்ல? ஏன் சொல்லலை?"

"கன்னடம் வராதுன்னு தெரியறதுக்கு, குடிச்சான்னே இருந்துட்டுப் போகட்டும் பாப்பா."

"நீங்கதான் அவருக்குப் பொய் சொல்லக் கத்துக் குடுத்தீங்க."

"சோத்தைத் தின்னு" என்றாள் அம்மா. மாமா தலையைத் தூக்கவே இல்லை. அப்பாவோடு பல நாள் நான் பேசவில்லை. இத்தனை பெரிய மனிதர் ஒரு உண்மையைச் சொல்லப் பயப்படுகிறாரே என்று எனக்கு அவர் மேல் அருவருப்பாகக்கூட இருந்தது.

அடுத்த வருஷம் சங்கம் பாடம் கற்றுக்கொண்டது. எப்படிக் கற்றது என்று கேளுங்கள். பழைய கயிறு வழுக்கியிருக்கலாம் என்று நீல நைலான் கயிறு வாங்கினார்கள். புதுக் கப்பி வாங்கினார்கள். கயிறு பிடிக்கிற ஆளின் வாயைப் பொருளாளர் முகர்ந்து பார்க்க வேண்டும் என்று விதி செய்தார்கள். எல்லாவற்றையும் மாற்றினார்கள், உடைத்த அந்தச் சொல்லை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டார்கள். அப்படி ஒரு சொல் உடைத்தது என்பதே அவர்களுக்குத் தெரியாதே! தெரிந்தவர்கள் நாங்கள், நாங்கள்தான் வாயை மூடிக்கொண்டோமே.

மாமாவுக்குக் கயிறு இல்லை. புதிதாக வந்திருந்த இன்னொரு சேலத்துக்காரர், அந்த ஆவணியில்தான் கல்யாணமான புது மாப்பிள்ளை, கயிற்றைப் பிடித்தார். பொருளாளர் முகர்ந்து பார்த்துத் தலையாட்டினார். வெற்றிலை வாசம். மாமா கூட்டத்தின் கடைசியில், வேலி ஓரமாக நின்றார். நான் அவர் கையைப் பிடித்திருந்தேன்.

தலைவர் கையைத் தூக்கினார். "இளிசு!"

மாப்பிள்ளையின் முழங்கைகள் பின்னால் போயின. பிள்ளையார் மேலே கிளம்பினார்.

என் கைக்குள் இருந்த கை உருவிக்கொண்டது. "எறக்குடா! டேய், எறக்கு!" மாமாவின் தொண்டையிலிருந்து அப்படி ஒரு குரல் வந்து நான் கேட்டதில்லை. மேளத்தைத் தாண்டிக்கொண்டு போனது. வரிசை வரிசையாகத் தலைகள் எங்கள் பக்கம் திரும்பின. மாப்பிள்ளை திகைத்து, கயிற்றை நெகிழ்த்தினார். பிள்ளையார் ஒரு குலுங்கு குலுங்கி, கீழே இறங்கினார். தும்பிக்கை, கிரீடம், தந்தம் எல்லாவற்றோடும் தண்ணீருக்குள் போனார்.

தலைவர் நீலக் கயிற்றைத் தட்டிக்கொடுத்து, "ஹக்க சென்னாகிதே" என்றார். கயிறு நன்றாக இருக்கிறதாம். பொருளாளரும் தட்டினார். அவருக்குப் பின்னால் இன்னும் இருவர், மாட்டைத் தட்டுவதுபோலத் தட்டினார்கள்.

நான் மாமாவைத் தேடினேன். வேலி ஓரத்தில் இல்லை. ஓடிப்போய்ப் பார்த்தால் கொட்டகைக்குள், சிமெண்டு மூட்டையின் மேல் உட்கார்ந்திருந்தார். கையில் தண்ணீர்ச் சொம்பு. தண்ணீர் தளும்பி வேட்டியெல்லாம் நனைந்திருந்தது.

"ஏன் மாமா வந்துட்டீங்க? அவங்க கயித்தைப் பாராட்டுறாங்க! வாங்க, வந்து சொல்லுங்க!"

அவர் என்னையே பார்த்தார். "பாப்பா, நான் தமிழ்லயா கத்தினேன்?"

"ஆமா மாமா. எறக்குன்னு."

"யாருக்காச்சும் கேட்டிருக்குமா?"

பாவம், யாருமே கவனிக்கவில்லை என்று வருத்தப்படுகிறார் என்று நினைத்தேன். அவரை எப்படியாவது சந்தோஷப்படுத்திவிட வேண்டும் என்று, "எல்லாருக்கும் கேட்டுச்சு மாமா! கடைசி வீடு வரைக்கும் கேட்டிருக்கும்!" என்றேன்.

மாமா சொம்பைக் கீழே வைத்தார். எழுந்துபோய்த் தகரக் கதவைச் சாத்தி, கொக்கி போட்டு, அதற்குக் குறுக்கே கடப்பாரையையும் சாய்த்து வைத்தார். வெளியே மேளம் திரும்பி வந்துகொண்டிருந்தது. அந்தச் சத்தம் பிடிக்காமல்தான் சாத்துகிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன்.