நாலு பக்கமும் பேசியவள்

எழில்மொழிக்கு மைக் பிடிக்காது. தேவைப்பட்டதும் இல்லை. திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே இருக்கும் அவர்கள் ஊரில், ஆற்றுக்கு இந்தக் கரையில் நின்று அவள் யாரையாவது பேர் சொல்லிக் கூப்பிட்டால், அக்கரை வயலில் குனிந்திருக்கிற அத்தனை பெண்களும் நிமிர்ந்து பார்ப்பார்கள். "இவ பொறந்தப்ப நர்சம்மா காதப் பொத்திக்கிட்டாங்க" என்று அம்மா அம்சம் இன்றைக்கும் சொல்வாள். அதில் பாதி புகார், பாதி பெருமை.

அந்தக் குரலுக்காகத்தான் அவளைக் களத்துமேடு கலைக்குழுவில் சேர்த்தார்கள். நடிப்பதற்கு அல்ல, ஆள் கூட்டுவதற்கு. பேருந்து நிலையத்திலோ ரேஷன் கடை வாசலிலோ நடுவில் போய் நின்று அவள் "வாங்கம்மா, வாங்கய்யா, அந்த பஸ் போனா அடுத்த பஸ் இருக்கு" என்று ஒரு சத்தம் கொடுத்தால் போதும், டீக்கடைக்காரர்கூடக் கையில் வடிகட்டியோடு வந்து நிற்பார். அப்போது அவள் கல்லூரியில் முதலாம் ஆண்டு. கூட்டத்தைக் கூட்டிக் கொடுத்துவிட்டு ஓரமாக ஒதுங்கும் வேலை அவளுக்குச் சீக்கிரமே சலித்துப்போனது. "கூப்பிட்டது நான், பேசுறது நீங்களா?" என்று ஒரு நாள் கேட்டாள். அன்றைக்கே ஒரு சின்ன வேடம் கிடைத்தது. படிப்பு முடிந்து மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்த பிறகும் ஞாயிற்றுக்கிழமைகளை அவள் விடவில்லை. குழுவின் பெரிய வேடங்கள் எல்லாம் ஒவ்வொன்றாக அவளிடம் வந்து சேர்ந்தன.

அதே குழுவில் பறை அடிப்பவன் அவளுடைய அண்ணன் பரிதி. பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவன். நடவுக் காலத்தில் நாற்று நடும் எந்திரம் ஓட்டுவான். மற்ற நாட்களில் டிராக்டர். அவன் ஓட்டிய வயலில் வரிசை கோணியது என்று யாரும் சொன்னதில்லை. நாடகத்துக்குக் கிளம்பும்போதும் அப்படித்தான். பறையைக் காய்ச்ச டவுனில் வைக்கோலுக்கு எங்கே போவது என்று ஊரிலிருந்தே ஒரு பையில் அடைத்து எடுத்து வருவான். தங்கச்சி புடவைக்கு ஊக்கு, தொண்டைக்குப் பனங்கற்கண்டு, அவளுக்குப் பிடித்த சோறு எல்லாம் அந்தப் பையில் இருக்கும்.

தெரு நாடகத்துக்கு மேடை கிடையாது. கூட்டம் நாலு பக்கமும் வட்டம் கட்டி நிற்கும். ஒரே பக்கம் பார்த்துப் பேசினால் மற்ற மூன்று பக்கமும் கொஞ்ச நேரம் முதுகைப் பார்த்துவிட்டுப் பேருந்து ஏறிவிடும். அதற்கு அண்ணனும் தங்கையும் ஒரு வழி வைத்திருந்தார்கள். அவள் ஒரு வசனத்தை முடித்ததும் பரிதி மெல்லிய குச்சியால் பறையில் ஒரு 'டக்' வைப்பான். அவள் கால் வட்டம் திரும்புவாள். அடுத்த வசனம் அடுத்த பக்கத்துக்கு. மறுபடி 'டக்'. நாலு வசனத்தில் நாலு பக்கமும் அவள் முகத்தைப் பார்த்துவிடும். இதை அவர்கள் உட்கார்ந்து பேசி முடிவு செய்ததில்லை. ஆடி ஆடித் தானாகப் படிந்தது. அவன் எப்போது தட்டுவான் என்று அவளுக்குத் தெரியும், அவள் எப்போது திரும்புவாள் என்று அவனுக்குத் தெரியும்.

அப்படித்தான் மன்னார்குடி பேருந்து நிலையத்தில் அவளை ஃபாஜில் பார்த்தார். முப்பது வயதுக்காரர், முதல் படம் எடுக்கப் போகிற இயக்குநர். நாடகம் முடிந்ததும் பறையை உறைக்குள் போட்டுக்கொண்டிருந்த பரிதியிடம்தான் முதலில் வந்தார்.

"அண்ணே, அவங்க கண்ணு பேசுதுண்ணே" என்றார்.

"கண்ணு மட்டுமா?" என்றான் பரிதி.

படத்தில் கதாநாயகனுக்குத் தங்கை வேடம். பேருக்குத்தான் தங்கை; கதையைத் தூக்கிச் சுமப்பதே அவள்தான். ஃபாஜில் ஒளிவுமறைவு இல்லாமல் பேசினார். "எனக்கு உங்க மேல நம்பிக்கை இருக்கு. தயாரிப்பாளருக்கு இல்ல. மொத நாளு ஒரு சீன் எடுப்போம். அது சரியா வந்துட்டா படம் முழுக்க நீங்கதான். வரலைன்னா சென்னையில ஒருத்தவங்க ரெடியா இருக்காங்க, மறுநாளே வந்துருவாங்க."

"வரும் சார்" என்றாள் எழில்மொழி. அவளுக்கு அதில் ஒரு துளி சந்தேகமும் இருக்கவில்லை. மருந்துக்கடை முதலாளி "போனா போனதுதான், திரும்பி வந்து கவுண்டர்ல நிக்க முடியாது" என்றபோதும், "நான் எங்க சார் திரும்பி வரேன்னு சொன்னேன்?" என்று கேட்டுவிட்டு வந்தாள்.

கேமரா முன்னால் எப்படிப் பேசுவது என்று பார்ப்பதற்காகச் செல்போனில் தமிழில் பேசும் கொரியத் தொடர் ஒன்றைப் போட்டுப் பார்த்தாள். அம்மாவும் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தாள்.

"ஏண்டி, அந்தப் பொண்ணு வந்ததுலேர்ந்து சன்னலையே பாத்துக்கிட்டு நிக்குது. எப்பத்தான் வாயத் தொறக்கும்?"

"மூஞ்சியப் பாரும்மா. எல்லாம் அதுலயே இருக்கு."

"பாத்துட்டேன். லட்சணமாத்தான் இருக்கு. வாயத் தொறக்கச் சொல்லு."

"இவங்களும் மேடையிலேர்ந்து வந்தவங்கதாம்மா. வருசக்கணக்கா பாட்டு, ஆட்டம், நாடகம்னு ஆடிட்டு அப்பறம்தான் கேமரா முன்னால வந்தாங்களாம்."

வாசலில் பறையைத் துடைத்துக்கொண்டிருந்த பரிதி தலையை உள்ளே நீட்டினான். "அங்கயும் தெருவுலதானா?"

"தெரு இல்லண்ணே. பெரிய அரங்கம். எதிர்ல சேர் போட்டு உக்காந்துருப்பாங்க."

"அப்ப அவங்களுக்கு ஒரு பக்கம்தான் ஆளு. ஒனக்கு நாலு பக்கம். அவங்களாலயே முடிஞ்சிருக்குன்னா ஒனக்கு என்ன?" என்றான். கணக்கு அவனுக்குச் சரியாகவே பட்டது.

படப்பிடிப்பு குத்தாலத்துக்குப் பக்கத்தில், வாய்க்கால் ஓரத்து ஓட்டு வீடு ஒன்றில். பரிதி நடவு எந்திரத்தை இன்னொருவனிடம் ஒப்படைத்துவிட்டுத் தங்கச்சியோடு வந்திருந்தான். கையில் எவர்சில்வர் அடுக்குத் தூக்கு. கேமராவுக்குப் பின்னால், சுவரோரமாக, அவளுக்குத் தெரிகிற மாதிரி நல்ல இடமாகப் பார்த்து நின்றுகொண்டான்.

காட்சி இதுதான். அண்ணன் வயலை விற்பதற்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறான். தங்கை தரையில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருக்கிறாள். அவனிடம் நாலே வசனம் பேச வேண்டும்: "அந்த வயல்ல நானும் நட்டுருக்கேன். வரப்புல அண்ட வெட்டிருக்கேன். பட்டா ஒன் பேருலதான் இருக்கு. எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியாண்ணே?"

ஃபாஜில் "ஆக்ஷன்" என்றார். எழில்மொழி பேசினாள்.

முதல் வசனம் கதாநாயகனுக்கு. இரண்டாவது, விளக்குப் பிடித்திருந்தவருக்கு. மூன்றாவது வசனம் டீ கொண்டுவந்த ஆளுக்கு; அவர் பதறிப்போய் "எனக்கு ஒண்ணும் தெரியாதும்மா" என்றார். நாலாவது வசனத்தில், கொல்லையில் கட்டியிருந்த கன்று கயிற்றை இழுத்துக்கொண்டு கத்தியது. ஒலிப்பதிவு செய்யும் துரைராசு காதிலிருந்து ஹெட்போனைப் பிடுங்கி எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு அதையே பார்த்தார்.

வீடே சிரித்தது. எழில்மொழியும் சிரித்தாள். ஃபாஜில் அவள் பக்கத்தில் வந்து குந்தினார்.

"எழில், இங்க கூட்டம் கெடையாது. கேக்குறது ஒரே ஒரு ஆளு. அதுவும் ரெண்டு முழம் தள்ளி ஒக்காந்துருக்காரு."

"புரிஞ்சுது சார். இன்னொருவாட்டி போங்க."

அடுத்த முறை குரல் இறங்கியது. அவள் கெட்டிக்காரி, சொன்னதைப் பிடித்துக்கொள்வாள். ஆனால் வசனம் முடிகிற இடத்தில் கழுத்து மட்டும் தன்னால் ஒரு பக்கம் திரும்பியது. கேமராவுக்குக் காதும் கொண்டையும்தான் கிடைத்தன. மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் கழுத்து. அவளை நேராக உட்கார வைத்தார்கள், சாய்த்து உட்கார வைத்தார்கள். ஒவ்வொரு முறையும் வசனத்தின் கடைசிச் சொல்லோடு முகம் போய்விடும். மூலையில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த தயாரிப்பாளர் செல்போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார். யாருக்குப் பேசப் போகிறார் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும்.

இதற்கிடையில் துரைராசு வேறொரு புகாரோடு வந்தார். இந்தப் படத்துக்குப் பின்னால் குரல் கொடுப்பதெல்லாம் கிடையாது. அங்கே பேசுவதுதான் படத்திலும் வரும். அதனால் ஈ பறந்தாலும் அவருக்குக் கணக்கு.

"சார், நடுவுல நடுவுல ஒரு சத்தம் வருது. டக்குன்னு."

மின்விசிறியை நிறுத்தினார்கள். வரவில்லையா என்றால், வருகிறது என்றார். அடுத்த வயலில் ஓடிய மோட்டாரை நிறுத்தச் சொல்லி ஆள் போனான். கோழியைக் கூடையில் கவிழ்த்தார்கள். மறுபடி எடுத்துப் பார்த்தபோது, வசனத்துக்கு ஒன்றாக, துல்லியமாக, அதே 'டக்'. துரைராசு ஹெட்போனை மாட்டிக்கொண்டு, நீளக் கழியில் கட்டிய மைக்கை முன்னால் நீட்டியபடி, எழில்மொழியைச் சும்மா பேசிக்கொண்டே இருக்கச் சொல்லிவிட்டு, வீட்டுக்குள்ளேயே சுற்றி ஒவ்வோர் அடியாக நடந்தார். மைக் சுவரோரமாக வந்தது. பரிதியின் முகத்துக்கு நேரே வந்தது. அப்புறம் மெல்லக் கீழே இறங்கி, அவன் கையில் இருந்த தூக்கின் மூடியில் போய் நின்றது.

அவனுடைய இரண்டு விரல்கள் அங்கே தட்டிக்கொண்டிருந்தன.

"நானா?" என்றான் பரிதி. தன் கையையே யாரோ ஒருவருடைய கை மாதிரி பார்த்தான்.

"நீங்கதான் தம்பி" என்றார் துரைராசு. "நல்ல தாளம். ஒண்ணுகூடத் தப்பல."

எழுந்த சிரிப்பில் பரிதியின் காது சிவந்துவிட்டது. தங்கச்சி ஒவ்வொரு தடவை திரும்பும்போதும், 'என்னாச்சு இவளுக்கு' என்று அவன்தான் மனசுக்குள் அடித்துக்கொண்டிருந்தான். திருப்பிக்கொண்டிருந்தது தன் விரல் என்று இப்போதுதான் தெரிந்தது. தூக்கைக் கீழே வைத்தான். கைகளை இறுக்கிக் கட்டிக்கொண்டான். "இப்ப எடுங்க சார், வராது."

எடுத்தார்கள். 'டக்' வரவில்லை. எழில்மொழி முதல் வசனத்தை முடித்தாள். ஒரு நொடி நின்றாள். வராத அடிக்காகக் காத்திருந்தவள் போல அவள் கண் கேமராவைத் தாண்டிச் சுவரோரம் வந்து அவனைத் தேடியது.

"கட்" என்றார் ஃபாஜில், சலிப்பை மறைத்துக்கொண்டு.

எழில்மொழி மடியில் இருந்த கீரையைத் தட்டில் வைத்துவிட்டு எழுந்து நேராக அண்ணனிடம் வந்தாள்.

"அண்ணே, நீ இங்க நிக்காத."

"கையத்தான் கட்டிக்கிட்டேனே பாப்பா."

"கையக் கட்டுன. கழுத்து ஆடுது. கழுத்து ஆடலன்னா கண்ண மூடித் தொறப்ப. எனக்கு ஒன்னத் தெரியும்ண்ணே. நீ இருக்கன்னு தெரிஞ்சா நான் ஒன்னத்தான் பாப்பேன்."

"பின்பக்கமா போயி ஒளிஞ்சி நிக்கவா?"

"வேணாம். வாய்க்கா மதகுகிட்ட போயி ஒக்காரு. நான் கூப்புடுறேன்."

அவள் கெஞ்சவில்லை, கோபப்படவும் இல்லை. மருந்துக்கடையில் சீட்டு இல்லாமல் மாத்திரை கேட்பவர்களிடம் சொல்வாளே, அதே குரல். முதல் நாடகத்திலிருந்து அவள் பேசிய ஒரு வசனத்தையும் அவன் பக்கத்தில் இல்லாமல் விட்டதில்லை. இத்தனை நாள் ஆடியதெல்லாம் இந்த ஒரு நாளுக்குத்தான் என்றால், இந்த ஒரு நாள் அவன் பார்க்கக் கூடாது. தூக்கை எடுத்துக்கொண்டான். அதையும் அவள் வாங்கி வைத்துக்கொண்டாள். "இது வேற எதுக்கு, அங்க போயி தட்டுறதுக்கா?"

மதகுக் கட்டையில் உட்கார்ந்தான். வாய்க்காலில் தண்ணீர் நிறைந்து ஓடியது. எதிர் வயலில் யாரோ எந்திரத்தால் நட்டிருந்தார்கள். மூன்றாவது வரிசையில் கோணல். அதைப் பார்த்துக்கொண்டே காதை வீட்டுப் பக்கம் வைத்தான்.

"சைலன்ஸ்" என்று யாரோ கத்தியது கேட்டது. "ஆக்ஷன்" கேட்டது.

அப்புறம் ஒன்றுமே கேட்கவில்லை.

பரிதி எழுந்து நின்றுவிட்டான். நாலு தெரு தள்ளியிருந்தாலும் அவள் என்ன பேசுகிறாள் என்று அவனால் சொல்ல முடியும். இந்த வீடு கூப்பிடு தூரத்தில் இருக்கிறது. வசனம் மறந்துவிட்டதா? தன்னை வெளியே அனுப்பியதில் அவளுக்கே கை கால் ஓடாமல் போய்விட்டதா? கால் தானாக வீட்டுப் பக்கம் ஓர் அடி வைத்தது. கூப்பிடுகிறேன் என்றாளே என்று நின்றான். இரண்டு கையையும் அக்குளில் திணித்துக்கொண்டான். வாய்க்கால் சத்தமும், எங்கோ ஒரு செம்போத்தின் கூவலும் தவிர வேறில்லை.

பிறகு "கட்" என்று கேட்டது. அதற்குப் பிறகும் வீட்டிலிருந்து யாரும் பேசவில்லை, சிரிக்கவும் இல்லை.

துரைராசுதான் முதலில் வெளியே வந்தார். பதிவுப் பெட்டி தோளில் தொங்க, மைக் கழி கக்கத்தில் இருக்க, ஹெட்போன் கழுத்தில் கிடக்க, வரப்பு வழியாக நேராக மதகுக்கு வந்தார். ஹெட்போனைக் கழற்றிப் பரிதியின் தலையில் மாட்டி, பெட்டியில் ஒரு பொத்தானை அழுத்தினார்.

கீரைத்தண்டு ஒடிகிற சத்தம் முதலில் கேட்டது. பிறகு ஒரு மூச்சு. பிறகு ஒரு குரல், காதுக்குள்ளேயே உட்கார்ந்து பேசுவது போல, சத்தமே இல்லாமல்: "அந்த வயல்ல நானும் நட்டுருக்கேன்." தண்டு ஒடிந்தது. "வரப்புல அண்ட வெட்டிருக்கேன்." கடைசி வசனத்துக்கு முன்னால் நீளமாக ஓர் இடைவெளி. அந்த இடத்தில் பரிதியின் விரல் அசையவில்லை. "எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியாண்ணே?"

"யாருங்க இது?" என்றான்.

"ஒங்க தங்கச்சிதான்."

"திரும்புனாளா?"

"எங்க திரும்ப? எதிர்ல ஒக்காந்திருந்த ஹீரோவுக்கே கண்ணுல தண்ணி வந்துருச்சு. அவரு சீன்லயே அது கெடையாது. தயாரிப்பாளரு சென்னைக்கு போன் போட்டு, நாளைக்கு அந்தம்மா வர வேணாம்னு சொல்லிட்டாரு."

பரிதி ஹெட்போனைக் கழற்றித் துடைத்துக் கொடுத்தான். துரைராசு அதைத் தன் காதில் மாட்டிக்கொண்டு பெட்டியைச் சரிபார்க்கக் குனிந்தார். மைக் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

ஓட்டு வீட்டு வாசலில் எழில்மொழி வந்து நின்றாள். ஒரு கையில் தூக்கு. இன்னொரு கையை வாயோரம் வைத்துக்கொண்டாள். அண்ணனுக்கு அந்த நிற்பு தெரியும். "அண்ணே, ஹெட்போனக் கழட்டுங்க" என்று அவன் சொல்ல வாயெடுப்பதற்குள், எதிர் வயலில் மேய்ந்த கொக்கெல்லாம் ஒரே நேரத்தில் எழும்பின.

"அண்ணே! சாப்புட வா!"