ஆகே இல்லை, ஓவெ

அப்பு போய்விட்டார்...

இன்று காலை வேலைக்குப் போனபோது அவருடைய அறை யன்னல் அகலத் திறந்து கிடந்தது. இங்கே யாராவது இறந்தால் அப்படித்தான் திறந்துவிடுவார்கள்.

ஹேர்னிங் பக்கம் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் இருந்த டெனிஷ்காரர். தொண்ணூற்றேழு வயது. பெயரை எழுதக்கூடாது, வேலையிடச் சட்டம். நான் "அப்பு" என்று கூப்பிடுவேன், அவரும் "யா" என்று திரும்புவார்.

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் இந்தப் பக்கம் பழுப்பு நிலக்கரி தோண்டியவர். டென்மார்க்கில் நிலக்கரியா என்று நானும் வாயைப் பிளந்தேன்!

அந்த வேலையை அப்போதே யாரோ படம் பிடித்து வைத்திருக்கிறார்கள். சத்தமில்லாத கறுப்பு வெள்ளைப் படம். தினமும் பின்னேரக் கோப்பியோடு ஐபேடில் அதைப் போடவேண்டும்.

அப்பு அதில் ஒரே ஒரு இடத்தில் வருவார். மண்வெட்டியைப் பக்கத்தில் வைத்துவிட்டுப் பாண் தின்கிறார். அருகே ஒரு நெட்டைப் பெடியன் வெறுங்கையோடு இருந்து சிரிக்கிறான்.

"கமராக்காரன் என்னை நாலுதரம் சாப்பிட வைச்சவன். என்ர பாண் முடிஞ்சுபோச்சு, இது பக்கத்தில இருக்கிற இந்த நெட்டையன்ர பாண். பாவம், அண்டைக்கு அவன் பட்டினி!" சொல்லி முடிக்க முதலே விழுந்து விழுந்து சிரிப்பார்.

படம் பிடித்த அடுத்த மாதம் மண் சரிந்து அந்தப் பெடியன் செத்துப்போனான். படத்தில் "தொழிலாளர்கள்" என்று மட்டும் போட்டிருக்கிறது.

"அவனுக்குப் பேர் இருக்கு பிள்ளை. பாடமாக்கு" என்று ஒரு துண்டில் எழுதித் தந்தார்.

எழுத்துக்கூட்டி "ஆகே" என்று வாசித்தேன்.

"ஆகேயோ? அப்பிடி ஒருத்தனையும் எனக்குத் தெரியாது!"

எழுதுவது அப்படி, சொல்வது "ஓவெ"யாம். பாதி எழுத்தை விழுங்கிப்போட்டுக் கதைக்கிற பாஷை... இருபது வருஷமாகியும் எனக்குப் பிடிபடவில்லை.

நான் சரியாகச் சொல்லும்வரை கோப்பியைத் தொடமாட்டார். "அப்பு, எனக்கு வேற ஆக்களும் பாக்க இருக்கினம்" என்று ஏசியும் இருக்கிறேன். இப்போது நினைக்கக் கவலையாக இருக்கிறது.

போன கிழமை கேட்டார். "நான் போனால் அவன்ர பேரை ஆர் சொல்லுறது?"

"நான் சொல்லுறன். நீங்கள் கோப்பியைக் குடியுங்கோ."

இன்று பின்னேரம் அந்த வெறும் அறையில் படத்தைப் போட்டேன். பாண் தின்னும் இடத்தில் நிறுத்தினேன்.

"ஓவெ" என்றேன். திருத்த ஆளில்லை...

பிறகு, பாண் தின்கிறவரின் பெயரையும் சொன்னேன். முழுப் பெயரையும், சத்தமாக. எழுதத்தானே கூடாது.

போயிட்டு வாங்கோ அப்பு. இந்த முறை உங்கட பாணை அவனுக்குக் குடுங்கோ.