ஊர்ப் பெயர் இல்லாத கிணறுகள்

கும்மிடிப்பூண்டி பக்கத்தில் ஒரு கல்லூரியில் நான் வேதியியல் கௌரவ விரிவுரையாளர். கௌரவம் பெயரில் மட்டும்தான். ஆண்டுதோறும் வேலை நீட்டிப்புக்குக் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டும். சிக்கனம் என்று சொல்லி ஆய்வகத்துக்கு வந்துகொண்டிருந்த நிதியை நிறுத்திவிட்டார்கள். தண்ணீரில் கலந்திருக்கும் உலோகங்களை அளக்கும் கருவியையும் அதற்கான ரசாயனங்களையும் தொழிற்பேட்டைத் தொழிற்சாலை ஒன்று வாங்கிக் கொடுத்தது. பொன்னாடை, புகைப்படம் எல்லாம் ஆயிற்று.

அந்தக் கருவியை வைத்தே என் முதுகலை மாணவி ஒருத்தி தன் ஆய்வேட்டுக்காக அந்தத் தொழிற்சாலையைச் சுற்றியுள்ள கிணறுகளைச் சோதித்தாள். ஈயம் இருந்தது. இதில் துணிச்சல் எதுவும் இல்லை. பஸ் செலவு மிச்சம் என்றுதான் பக்கத்து ஊர்களைத் தேர்ந்தெடுத்திருந்தோம்.

கல்லூரி முதல்வர் என்னை அழைத்தார். "ஊர் பேரையெல்லாம் எடுத்துடுங்க மேடம். அ, ஆ, இன்னு போட்டுக்கட்டும். அடுத்த வருஷம் கெமிக்கல் யாரு வாங்கித் தருவா?"

ஊர் தெரியாவிட்டால் எந்தக் கிணற்றுத் தண்ணீரைக் குடிக்காதே என்று சொல்வது? எனக்கு எரிச்சல் தாங்கவில்லை. கௌரவ விரிவுரையாளர்கள் நான்கு பேரும் மாணவர்களும் நுழைவாயிலில் உட்கார்ந்தோம். 'ஆய்வு விற்பனைக்கு அல்ல' என்று அட்டை பிடித்தோம். நிரந்தரப் பேராசிரியர்கள் ஹெல்மெட்டைக் கழற்றாமலே எங்களைக் கடந்து போனார்கள்.

மூன்றாம் நாள், நீட்டிப்புப் பட்டியல் தயாராகிறது என்று அலுவலகத்திலிருந்து சேதி வந்தது. மதியத்துக்குள் நால்வரும் எழுந்துவிட்டோம். ஊர்ப் பெயருக்குப் பதில் எழுத்துகள் போட்ட பிரதியில் வழிகாட்டி என்று கையெழுத்திட்டேன். மாணவி பிரதியை வாங்கிப் பையில் வைத்துக்கொண்டாள். அவள் அப்பா அதே தொழிற்சாலையில் ஒப்பந்தத் தொழிலாளி. அவளுக்கும் பயம் இருக்கும் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். வெட்கமாகத்தான் இருந்தது.

வாய்மொழித் தேர்வுக்குச் சென்னையிலிருந்து ஒரு பேராசிரியர் வந்திருந்தார். முதல்வர் முன்வரிசையில் இருந்தார். பேராசிரியர் அட்டவணையில் விரலை வைத்து, "உ-ன்னு போட்ட கிணத்துலதான் ரொம்ப அதிகமா இருக்கு. அது எங்க இருக்கும்மா?" என்று கேட்டார்.

மாணவி என்னைப் பார்த்தாள். நான் தாள்களை அடுக்குவதுபோல் குனிந்துகொண்டேன்.

"எங்க ஊட்டுக் கெணறு சார். அதத்தான் குடிச்சிக்கினு இருக்கிறோம்," என்றாள். ஊர்ப் பெயரையும் சொன்னாள். "மத்ததும் சொல்றேன், எய்திக்கோங்க."

பேராசிரியர் பேனாவைத் திறந்தார். நான் அவளை நிறுத்துவேன் என்று எதிர்பார்த்து முதல்வர் என் பக்கம் திரும்பினார். நான் வாயைத் திறக்கவில்லை. அந்த விஷயத்தில் நான் உருப்படியாகச் செய்தது அது ஒன்றுதான்.