லீக்கில் இல்லாத கழகத்தின் வரலாறு

எங்கள் குடும்பத்தில், கனடாவின் மொன்றியல் நகரப் பல்கலைக்கழகம் ஒன்றின் படியேறிய முதல் ஆள் நான். முதுகலை ஆய்வுக்கு இங்கிலாந்தின் சிற்றூர்க் கால்பந்துக் கழகம் ஒன்றின் வரலாற்றை எடுத்திருந்தேன். மூன்று தடவை கலைந்து, மூன்று தடவையும் ஊர்ச்சனம் கூடி மறுபடி எழுப்பிய கழகம் அது. அனுமதிக் கையெழுத்துப் போடவேண்டிய பேராசிரியர் சென்னைக்காரர். படிவத்தைத் தள்ளி வைத்தார்.

"பெரிய லீக்லயே இல்லாத டீம். அதுக்கு என்னப்பா வரலாறு? எப்பவாச்சும் ஜெயிச்சிருக்கா?"

"ஒருக்காக் கப் எடுத்தவை, சேர். பதிவில்லாத ஆளை விளையாட விட்டதெண்டு பேந்து அதையும் பறிச்சுப்போட்டாங்கள்."

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "உங்க ஜனங்க யாழ்ப்பாணத்துலேர்ந்து இங்க வந்த கதையை எழுதேன். உனக்கு அதுதான் பொருத்தம்."

"இங்கிலீஷ்காரர் எங்கட ஊரைப் பற்றி எழுதேக்க, உங்கட ஊரை எழுதுங்கோ எண்டு ஆரும் சொன்னவையோ, சேர்?"

அவர் பேனாவைத் திறந்தார். "தமிழர்களைப் பத்தி ஒரு அத்தியாயமாவது சேர்த்துக்கோ."

"அந்த ஊரில தமிழரே இல்லை. இல்லாததை எழுதமாட்டன்."

படிவத்தைத் திரும்ப அவர் பக்கம் தள்ளினேன். அவர் கையெழுத்துப் போடும்வரை கதிரையை விட்டு நான் எழும்பவில்லை.