ஹம்ஃப்ரியின் வாயில் வராத சொல்

"கொஞ்சம் ஒதுங்கிக்கிறீங்களா?" என்று பவ்வியமாகக் கேட்கிறார் ஹம்ஃப்ரி டிப்ஸ். கேட்பது, நாடகக் கொட்டகை வாசலை அடைத்துப் படுத்திருக்கும் நாயிடம். அது ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொள்கிறது. அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்தபடி அதைத் தாண்டி உள்ளே போகிறார்.

நானூறு வருஷத்துக்கு முந்தைய லண்டன் இது; இங்கே நாயை, வேலையாளை, எதிரியை, ஆசைக்குரியவளை, ஆண்டவனை 'தௌ' என்பார்கள். மரியாதைக்கு 'யூ'. நம் நீ, நீங்கள் மாதிரிதான். ஹம்ஃப்ரிக்கு அந்த 'நீ' மட்டும் வாயில் வராது. பெண்டாட்டி அர்சுலாவைக்கூட நீங்கள் என்றே அழைப்பார். கொட்டகையில் கூடையோடு சிப்பி விற்கும் அர்சுலாவோ, தேம்ஸ் நதியின் இரு கரையிலும் ஒருவரை விடாமல் நீ என்பவள். "யோவ், உன்கிட்ட யாருய்யா மரியாதை கேட்டா?" என்று அவரிடம் தினமும் எரிந்து விழுவாள்.

ஆள் வாசல்நிலை இடிக்கும் உயரம். குரல் மாதாகோயில் மணி. இருந்தும் மேடையில் அவருக்குக் கிடைப்பதெல்லாம், "குதிரை தயார், பிரபுவே" என்று குனிந்துவிட்டுப் போகிற வேஷம்தான்.

அன்றைக்கு, கோமகன் வேஷக்காரருக்குப் பல்வலியில் தாடை வீங்கிவிட்டது. அந்த அங்கி ஹம்ஃப்ரி ஒருவருக்குத்தான் பொருந்தியது. கோமகன் அரசனை நோக்கி விரலை நீட்டி, 'நீ துரோகி! நீ திருடன்!' என்று முழங்க வேண்டும். அரசனாக நடிப்பவர் கொட்டகை முதலாளி நிக்கலஸ் டார்பி.

ஒத்திகையில் ஹம்ஃப்ரி விரலை நீட்டினார். "நீங்க... துரோகிங்க."

எல்லோரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். டார்பி சிரிக்கவில்லை. "நாளைக்குச் சரியா வரலேன்னா வேற கொட்டகை பாத்துக்க."

வீட்டில் அர்சுலா இடுப்பில் கைவைத்து எதிரே நின்றாள். "எங்க, என்னைத் திட்டிப் பாரு."

"நீங்க என்ன தப்புப் பண்ணீங்க, திட்டுறதுக்கு?"

மறுநாள் பிற்பகல். கொட்டகை முற்றம் நிறைய ஜனம். ஹம்ஃப்ரி விரலை நீட்டினார்; வாய் திறந்தது; சொல் வரவில்லை. ஜனங்கள் கொட்டை உடைத்துத் தின்னும் சத்தம்கூட அடங்கிப்போயிற்று. "சொல்லித் தொலைடா, மாடே," என்று மீசைக்குள் முணுமுணுத்தார் டார்பி.

முற்றத்துக் கூட்டத்திலிருந்து ஒரு குரல் வெடித்தது. "யோவ், அந்தாளு உன்னை மாடுங்கறான்யா! இன்னுமா மரியாதை?"

மொத்த முற்றமும் கொல்லென்று சிரித்தது. ஹம்ஃப்ரியின் காது சிவந்தது.

"நீ!"

கூரைப் புறாக்கள் சிதறிப் பறந்தன. "நீ துரோகி! நீ திருடன்! நீ..." வசனம் முடிந்த பிறகும் அவர் நிறுத்தவில்லை. ஒவ்வொரு 'நீ'க்கும் டார்பி ஓரடி பின்வாங்கி, கடைசியில் சிம்மாசனத்தில் தொப்பென்று உட்கார்ந்தார். அது நடிப்பில்லை. தொப்பிகள் ஆகாயத்தில் பறந்தன. "என் புருஷன்டா அது!" என்று அர்சுலா பக்கத்திலிருந்தவனின் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள்.

ஆட்டம் முடிந்ததும், ஒப்பனை அறையில் டார்பி பெஞ்சில் சரிந்தார். அவருடைய இறுக்கமான பூட்ஸைக் கழற்றுவது எப்போதும் ஹம்ஃப்ரியின் வேலை. கோமகன் அங்கியோடே அவர் மண்டியிட்டார்.

"காலை நீட்டு," என்றார்.

டார்பி நிமிர்ந்து அவரைப் பார்த்தார். பிறகு, காலை நீட்டினார்.