வடாபாவுக்குப் போன மஞ்சள் காப்பி

ஒன்பது வருஷம் நான் ஒரு விஷயத்தை மனப்பூர்வமாக நம்பினேன். வடாலா தங்கராஜ் அண்ணாச்சி எங்களிடமிருந்து ஒரு பாயின்டைத் திருடித்தான் கோப்பையைத் தூக்கிக்கொண்டு போனார் என்பதே அது. கேட்டவர்களுக்கெல்லாம் சொன்னேன். கேட்காதவர்களுக்கு இன்னும் விரிவாகச் சொன்னேன்.

நான் மும்பை மாநகராட்சி வார்டு ஆபீஸில் தண்ணீர்ப் பிரிவில் ஹெட் கிளார்க். ஆறு மணிக்கு மேல் மாட்டுங்கா லேபர் கேம்ப் பெண்கள் கபடி கமிட்டியின் செக்ரட்டரி. முதல் வேலைக்குச் சம்பளம் உண்டு, மரியாதை கிடையாது. இரண்டாவதில் இரண்டும் கிடையாது, ஆனால் மாலை போடுவார்கள். கமிட்டிக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். தமிழ் வாசிக்க வராதவர்கள் பக்கத்தில் இருப்பவரைப் படிக்கச் சொல்லிக் கேட்கவும்.

1. மூன்று நிறம்

அந்த வருஷம் மாநில அளவுப் போட்டி நடத்தும் பொறுப்பு எங்களுக்கு வந்தது. ஃபைனலில் எங்கள் பெண்களும் வடாலா அண்ணாச்சியின் டீமும். அண்ணாச்சிக்கு வடாலாவில் மளிகைக் கடை. டீமுக்கு மேனேஜரும் அவர்தான், ஸ்பான்சரும் அவர்தான், சத்தமும் அவர்தான்.

கடைசி நிமிஷம். எங்கள் இசக்கி ரெய்டு பாடிப் போய் ஒருத்தியைத் தொட்டுவிட்டுத் திரும்பினாள். விசில் கேட்டது. போர்டைப் பார்க்காமலே ஜெயித்துவிட்டோம் என்று மாலையோடு உள்ளே ஓடினேன். நான் ஓடியபோது ஆட்டத்தில் இன்னும் சில விநாடி பாக்கியிருந்தது என்று பிறகு சொன்னார்கள். அதற்குள் போர்டில் வடாலா ஒரு பாயின்ட் முன்னால் நின்றது. சற்று முன்புதான் அண்ணாச்சி ஸ்கோர் எழுதுகிறவருக்கு இஞ்சி டீ வாங்கிக் கொடுத்ததைப் பார்த்திருந்தேன். எனக்கு அது போதும். ஆத்திரத்தில் ஸ்கோர் ஷீட்டைப் படிக்காமலே கையெழுத்துப் போட்டேன். படிக்காமல் கையெழுத்துப் போடுவது ஆபீஸில் நான் நல்ல பேர் வாங்கிய கலை.

ஸ்கோர் ஷீட்டுக்கு மூன்று காப்பி. வெள்ளை மாநிலக் கபடிச் சங்க மேலிடத்துக்கு. பிங்க் ஜெயித்த டீமுக்கு. மஞ்சள் செக்ரட்டரிக்கு, அதாவது எனக்கு. பரிசளிப்பு நடக்கும்போது, பன்னுக்குள் வடை வைத்துத் தரும் வடாபாவ் கடைக்காரர் பொட்டலம் மடிக்கக் காகிதம் தீர்ந்துவிட்டது என்றார். மேஜையில் ஒரு கட்டு மஞ்சள் காகிதம் கிடந்தது. ஆட்டம்தான் முடிந்துவிட்டதே, இதை வைத்து என்ன செய்ய என்று தூக்கிக் கொடுத்தேன். ஃபைனல் மேல் பச்சைச் சட்னி ஊற்றி நானே இரண்டு சாப்பிட்டேன்.

2. கடிதம்

போன வருஷம் ஒரு செவ்வாய்க்கிழமை எனக்கொரு கடிதம் வந்தது. இசக்கி ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் அரசு ஆபீஸ் வேலைக்குத் தேர்வாகியிருக்கிறாள், அவள் அந்த ஃபைனலில் ஆடியதற்கு அசல் ஸ்கோர் ஷீட்டைச் செக்ரட்டரி நேரில் கொண்டுவந்து வெள்ளிக்கிழமைக்குள் காட்ட வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த பெயருக்குப் போய்விடும்.

இசக்கி தாராவியில் தோல் பை தைக்கும் பட்டறையில் வேலை செய்துகொண்டிருந்தாள். கோட்டாவுக்கான வயது வரம்பு அவளுக்கு அந்த வருஷத்தோடு முடிகிறது.

ஒன்பது வருஷத்துக்கு முன் தின்ற வடாபாவ் அப்போதுதான் வேலையைக் காட்டியது. மேலிடத்துக்குப் போன் செய்தேன். ஒரு மழையில் அவர்கள் கீழ் அலமாரி முழுக்கத் தண்ணீர், வெள்ளைக் காப்பி கூழ். வீட்டுப் பரணில் ஏறினேன். கிடைத்தது ஒரு உடைந்த கோப்பையும் என் கல்யாணப் பத்திரிகை அறுபதும். அந்த வடாபாவ் கடைக்காரரைத் தேடிப் போய், "பையா, ஒன்பது வருஷத்துக்கு முன்னாடி கொடுத்த பேப்பர்..." என்று ஹிந்தியில் ஆரம்பித்தேன். அவர் என் நெற்றியில் கை வைத்துப் பார்த்தார்.

புதன்கிழமையன்று லீவு கேட்டு எங்கள் இன்ஜினியர் மேடத்திடம் போய் உண்மையைச் சொன்னேன். "க்யா சுடலை, ரெக்கார்ட் கா கயே?" என்றார். ஆமாம் மேடம், ரெக்கார்டைத் தின்றுவிட்டேன் என்றேன். சிரித்துக்கொண்டே இரண்டு நாள் லீவில் கையெழுத்துப் போட்டார். அவரும் படித்துப் பார்க்கவில்லை. அதற்கு இன்றும் நன்றி.

அன்று சாயந்தரம் பட்டறை வாசலில் இசக்கியைப் பார்த்தேன்.

"புள்ள, புதுசா ஒரு ஷீட் எழுதிடுவோமா? ஃபார்ம் கிடைக்கும். சீல் என்கிட்டதான் இருக்கு."

"எண்ணே, பொய்க் காயிதத்துல வாங்குன வேலைக்கு தெனம் லோக்கல் ட்ரெயின்ல தொங்கிட்டுப் போவ என்னால முடியாது."

"அப்போ வேற வழியே இல்ல."

"பிங்க் காப்பி?"

"அது செயிச்சவங்களுக்கு."

"செயிச்சது யாரு?"

நான் எதிரே போகும் ஆட்டோவை எண்ண ஆரம்பித்தேன்.

"எண்ணே, வாயத் தொறந்து சொல்லுங்க. செயிச்சது யாரு?"

"...அண்ணாச்சி."

"நாளைக்குக் காலைல ஒம்பது மணிக்கு ஸ்டேஷன்ல நிப்பேன். ஒங்களுக்கு வயித்துவலின்னு போன் வரக் கூடாது."

3. வடாலா

ஒன்பது வருஷமாக வடாலா வழியாகப் போக வேண்டியிருந்தால் சுற்றிப் போயிருக்கிறேன். ரயிலில் என் பேச்சை ஒத்திகை பார்த்தேன். காலில் விழுவதற்கும் ஒரு பகுதி ஒதுக்கியிருந்தேன்.

கடையில் அண்ணாச்சி துவரம்பருப்பு நிறுத்துக்கொண்டிருந்தார். அவர் தலைக்கு மேலே, முருகன் காலண்டருக்குப் பக்கத்தில், கண்ணாடி போட்ட ஃபிரேமில் பிங்க் காகிதம்.

"வாரும் செக்ரட்டரி. வடாலாவுக்கு இப்பத்தான் ரயில் விட்டானா?"

"அண்ணாச்சி... ஒரு சின்ன விஷயம்..."

"சின்ன விஷயத்துக்கு நீரு வரமாட்டீரே. யாரு, இசக்கியா? நல்லா இருக்கியாம்மா? ஒன்னயப் புடிக்க எங்க புள்ளைய ஏழு பேரும் பட்ட பாடு இருக்கே!"

ஒத்திகை பார்த்ததெல்லாம் மறந்துபோனது. வடாபாவ், சட்னி, வெள்ளிக்கிழமை என்று தலைகால் இல்லாமல் கொட்டினேன். கடையில் நின்ற நாலு பேரும் சாமான் வாங்குவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்கள். இனி அண்ணாச்சி என்னை வைத்து விளையாடுவார், திருடன் என்று சொன்னதற்குக் கணக்குத் தீர்ப்பார் என்று குனிந்து நின்றேன்.

அவர் ஸ்டூல் போட்டு ஏறினார். ஃபிரேமைக் கழற்றி, வேட்டி நுனியால் கண்ணாடியைத் துடைத்தார். அரிசிச் சாக்கில் சுற்றி, சணல் கட்டி, என்னிடம் கொடுக்காமல் இசக்கி கையில் கொடுத்தார்.

"ஒமக்குக் காட்டணும்னுதான்வே மாட்டுனேன். நீரு வரவே இல்ல. சரி, எதுக்கோ ஒதவுதே."

"அண்ணாச்சி, நான் ஒங்களப் பத்தி வெளிய..."

"எல்லாம் காதுக்கு வந்துச்சு. அத அப்புறம் பேசலாம். மொதல்ல புள்ள வேலையப் பாரும்." நாங்கள் படி இறங்கும்போது பின்னாலிருந்து குரல் வந்தது. "எம்மா, அந்த ஆள வடாபாவ் கடைப் பக்கம் மட்டும் விட்றாத!"

4. வாசிப்பு

வெள்ளிக்கிழமை. சரிபார்க்கும் அதிகாரி கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு வரியாகச் சத்தமாகப் படித்தார். இசக்கி, ஏழாம் நம்பர், பதினோரு ரெய்டு பாயின்ட். தலையை ஆட்டினார். கடைசி வரிகளுக்கு வந்தார். இருபத்தெட்டுக்கு இருபத்தெட்டு. அங்கே அவர் விரல் நின்றது.

"வடாலா, ஏக் டெக்னிகல் பாயின்ட். காரண்: ஆட்டம் நடக்கும்போது செக்ரட்டரி மாலையோடு கோர்ட்டுக்குள் நுழைந்தார்." நிமிர்ந்தார். "யே செக்ரட்டரி கோன் ஹை?" யார் அந்தச் செக்ரட்டரி என்று கேட்கிறார்.

இசக்கி மேலே ஃபேனைப் பார்த்தாள்.

"மை ஹூம் சார்," என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார், காகிதத்தின் அடியில் இருந்த கையெழுத்தைப் பார்த்தார், செக்ரட்டரியாக நான் எழுதிக் கொண்டுபோன கடிதத்தில் இருந்த கையெழுத்தைப் பார்த்தார். இரண்டும் ஒன்றுதான் என்று டிக் அடித்தார். வேலை உறுதியானது இப்படித்தான்.

ஃபைனல் அன்று அம்பயர் என் பக்கம் கார்டைக் காட்டியது எனக்கு ஞாபகம் இருந்தது. என் பின்னால் அண்ணாச்சி நின்றிருந்தார். கார்டு அவருக்கு என்று நினைத்துக் கைதட்டினேன்.

வெளியே வந்து இசக்கியிடம் கேட்டேன். "ஒனக்குத் தெரியுமா?"

"கோர்ட்டுல நின்னது நான்தானண்ணே. நீங்க மாலையோட வந்து எம்மேலதான விழுந்தீங்க. டீம் பூராவுக்கும் தெரியும்."

"ஒன்பது வருஷமா ஏன் ஒருத்தரும் சொல்லல?"

"மொத ஷூ வாங்கித் தந்தது நீங்க. எங்க அப்பாட்ட வந்து சண்ட போட்டு என்னய வெளையாட விட்டது நீங்க. ஒரு பாயின்ட் பெருசா?"

அப்போது நான் அழுததை மழை என்று சொல்ல முடியாது. நல்ல வெயில்.

தம்பி தங்கைகளே, கற்றது இவ்வளவுதான்: கையெழுத்துப் போடும் முன் படியுங்கள், விசில் எதற்கு என்று கேட்டுவிட்டு ஓடுங்கள். மற்றதை உங்கள் டீம் பார்த்துக்கொள்ளும். என்னுடைய டீம் பார்த்துக்கொண்டது, எதிர் டீமும் சேர்த்து.

இசக்கி இப்போது காலை எட்டு பத்து லோக்கலில் ஆபீஸ் போகிறாள். ஃபிரேமை நானே கொண்டுபோய், அண்ணாச்சியின் ஸ்டூலில் ஏறி, அதே ஆணியில் மாட்டினேன். அந்த ஃபைனலில் யாரும் எதையும் திருடவில்லை. நாங்கள் ஒரு பாயின்டில் தோற்றோம். அந்தப் பாயின்டைக் கொடுத்தது நான்.